தங்கப் பதக்கத்துக்குப் பிறகு ஒரு முனைவர் பட்டம்

2004 ஆகஸ்ட் 29, ஏதென்ஸ் ஒலிம்பிக்கின் நிறைவு நாள். டேக்வாண்டோ ஆடவர் பிரிவில் 80 கிலோவுக்கு மேற்பட்டோருக்கான இறுதி ஆட்டம். ஒருபுறம் சொந்த மண்ணின் நாயகன், கிரேக்க வீரர் அலெக்சாண்ட்ரோஸ் நிக்கோலாய்டிஸ். மறுபுறம் தென்கொரியாவின் மூன் டே-சுங். முதல் சுற்று முடிவதற்குள்ளாகவே, உடலைப் பின்புறமாகச் சுழற்றி மூன் வீசிய ஓர் உதை நிக்கோலாய்டிஸின் தலையில் இறங்கியது. அவர் சாய்ந்தார், ஆட்டம் அத்துடன் முடிந்தது. தங்கள் வீரருக்காக ஆர்ப்பரித்துக் கொண்டிருந்த கிரேக்க ரசிகர்கள் உறைந்து போனார்கள்.

அன்றைக்கு மூனுக்கு 28 வயது நிறையவில்லை. ஏறத்தாழ அந்த வயதில்தான் நான் முதன்முதலாக விரிவுரையாளனாக ஒரு வகுப்பறைக்குள் நுழைந்தேன். எனக்கு முன்னால் முப்பதாண்டுப் பணிக்காலம் விரிந்து கிடந்தது. அவருக்கு முன்னால் இருந்ததோ ஓய்வு. இந்த முரண்பாட்டை விளையாட்டுப் பக்கச் செய்தியாக வாசித்துவிட்டுக் கடந்து போக என்னால் முடிந்ததில்லை. ஐந்து வயதிலோ ஏழு வயதிலோ தொடங்கும் முதலீடு, இருபது ஆண்டு உழைப்பு, அதன் பலன் கைக்கு வந்த மறுநாளே தொழில் முடிவு. தொழிலாளர் பொருளியல் படித்தவனுக்கு இது விளையாட்டைவிடச் சுவையான புதிர்.

எட்வர்ட் லாசியரும் ஷெர்வின் ரோசனும் 1981இல் எழுதிய புகழ்பெற்ற கட்டுரை ஒன்று, சில பணிகளில் ஊதியம் உழைப்பின் அளவைப் பொருத்து அமைவதில்லை, தரவரிசையைப் பொருத்தே அமைகிறது என்று விளக்கியது. முதலிடத்துக்கும் இரண்டாமிடத்துக்கும் திறமையில் உள்ள இடைவெளி மயிரிழை. வெகுமதியில் உள்ள இடைவெளி மலையளவு. கொரிய டேக்வாண்டோவுக்கு இது அப்படியே பொருந்தும். மூன் 1999இல் எட்மண்டனில் உலகச் சாம்பியன் ஆனவர். ஆனாலும் 2000 சிட்னி ஒலிம்பிக்கில் அதே எடைப்பிரிவில் கொரியாவுக்காக நின்று தங்கம் வென்றவர் கிம் கியோங்-ஹுன் என்ற வேறொருவர். உலகச் சாம்பியனுக்குத் தன் நாட்டு அணியிலேயே இடமில்லை! அக்காலத்தில் ஒரு நாடு இரண்டு ஆடவர், இரண்டு மகளிர் ஆகிய நால்வரை மட்டுமே ஒலிம்பிக் டேக்வாண்டோவுக்கு அனுப்பலாம். மொத்தம் எட்டு எடைப்பிரிவுகள் இருக்க, பாதிக்கு மட்டுமே வாய்ப்பு. மற்ற நாடுகள் திணறி எட்டிய நிலையைக் கொரியாவில் பலர் எட்டியிருந்தும், அவர்களில் பெரும்பாலோர் பெயர் இல்லாமலேயே ஓய்வு பெற்றார்கள்.

வென்றவருக்கு என்ன கிடைக்கிறது? கொரியாவில் ஒலிம்பிக் தங்கம் வென்றவருக்கு மாதம் 10 லட்சம் வான் வாழ்நாள் ஓய்வூதியம் உண்டு. எந்த நிறப் பதக்கமாயினும் ஒலிம்பிக்கில் வென்ற ஆடவருக்குக் கட்டாய ராணுவ சேவையிலிருந்து பெருமளவு விலக்கும் உண்டு. இரண்டாவது சலுகையின் மதிப்பை அந்நாட்டு இளைஞரிடம் கேட்டால்தான் தெரியும். ஆனால் சியோல் நகர விலைவாசியில் 10 லட்சம் வானை வைத்துக்கொண்டு ஒரு குடும்பம் வாழ முடியாது. ஆக, சாம்பியனும் வேலை தேடியாக வேண்டும்.

இங்கேதான் கேரி பெக்கர் 1964இல் தம் 'மனித மூலதனம்' நூலில் விளக்கிய ஒரு பாகுபாடு கைகொடுக்கிறது. எங்கு சென்றாலும் பயன்படும் பொதுத்திறன் ஒன்று. குறிப்பிட்ட பணியிடத்தில் மட்டுமே செல்லுபடியாகும் சிறப்புத்திறன் மற்றொன்று. எதிராளியின் இடுப்பு அசைவதைக் கண்டு அவர் கால் எங்கே வரும் என்று கணிக்கும் ஆற்றல் இரண்டாம் வகையின் உச்சம். அதை வங்கியிலோ தொழிற்சாலையிலோ விற்க முடியாது. வாங்குவதற்கு ஒரே ஒரு சந்தைதான் உண்டு: அதைக் கற்றுக்கொள்ள விரும்புகிறவர்களின் சந்தை. எனவே சாம்பியன் பயிற்றுநராக மாறுவது பெரும்பாலும் விருப்பத்தின் பாற்பட்டது என்று நாம் கற்பனை செய்துகொள்கிறோம். கணக்குப் போட்டுப் பார்த்தால் அதுவே அவருக்கு எஞ்சியிருக்கும் வழியாக இருக்கிறது.

அந்த மூலதனத்துக்கும் தேய்மானம் உண்டு. மூன் ஆடிய காலத்தில், நடுவர்கள் கண்ணால் பார்த்துப் பொத்தானை அழுத்திப் புள்ளி வழங்கினார்கள். காதில் விழும்படி ஓங்கி விழுந்த உதைக்கே மதிப்பு. 2012 லண்டன் ஒலிம்பிக்கில் மின்னணு மார்புக்கவசம் வந்தது. அடுத்த ஒலிம்பிக்கில் தலைக்கவசமும் மின்னணு ஆனது. இன்று உடலில் படும் உதைக்கு 2, தலையில் படும் உதைக்கு 3, சுழன்று உதைத்தால் மேலும் 2 புள்ளிகள். முன்காலைத் தூக்கியபடியே வைத்துக்கொண்டு, வாள்வீச்சுப் போலத் தொட்டுத் தொட்டுப் புள்ளி சேர்க்கும் உயரமான இளைஞர்கள் முன்னணிக்கு வந்தார்கள். ஒரே உதையில் ஆட்டத்தை முடித்த தலைமுறை, தாம் அறிந்ததில் பாதியை மறந்துவிட்டுப் புதிதாகக் கற்றால்தான் கற்பிக்க முடியும் என்ற நிலை உருவாயிற்று. கணிப்பொறி வந்தபோது தட்டச்சுப் பயிலகங்களுக்கு நேர்ந்ததை நேரில் பார்த்த தலைமுறை என்னுடையது. இதைப் புரிந்துகொள்வது எனக்குக் கடினமாக இல்லை.

கற்பிக்கும் சந்தையிலும் அடுக்குகள் உண்டு. அடித்தளத்தில் இருப்பது தெருமுனைப் பயிற்சிக்கூடம். சியோலில் 1972இல் திறக்கப்பட்ட குக்கிவோன் என்ற தலைமை அமைப்புதான் உலகெங்கும் கறுப்புப் பட்டைக்கான சான்றிதழ்களை வழங்குகிறது. நான்காம் டான் தகுதியை எட்டியவரே ஆசான் நிலைக்கு உரியவராகக் கருதப்படுகிறார். கொரிய நகரங்களில் இக்கூடங்கள் தற்காப்புக்கலை கற்பிப்பதோடு இன்னொரு பணியையும் செய்கின்றன. பள்ளி விட்டதும் வேன் அனுப்பிக் குழந்தைகளை அழைத்து வந்து, பெற்றோர் அலுவலகத்திலிருந்து திரும்பும் வரை பார்த்துக்கொள்கின்றன. பாதி பயிற்சிக்கூடம், பாதி குழந்தைக் காப்பகம். ஒலிம்பிக் தங்கத்துக்கும் வேன் ஓட்டும் பொறுமைக்கும் தொடர்பில்லை என்பதால், இந்த அடுக்கில் சாம்பியனுக்குக் கிடைக்கும் கூடுதல் மதிப்பு, வாசலில் தொங்கும் பெயர்ப்பலகை அளவுக்குத்தான். மேலும், 2023இல் ஒரு பெண்ணுக்கு 0.72 குழந்தை என்ற அளவுக்குப் பிறப்பு விகிதம் சரிந்துவிட்ட நாட்டில், குழந்தைகளை நம்பிய தொழில் எதுவும் நிம்மதியாக உறங்க முடியாது.

மேல் அடுக்கில் இருப்பது பல்கலைக்கழகம். கொரியாவில் யோங்-இன், கியுங் ஹீ போன்ற பல்கலைக்கழகங்களில் டேக்வாண்டோவுக்கென்றே தனித்துறை உண்டு. அங்கே பேராசிரியர் பதவி என்பது நிலையான ஊதியம், சமூக மதிப்பு, ஓய்வுக்கால உறுதி ஆகிய மூன்றும் சேர்ந்த ஒன்று. கன்பூசிய மரபில் ஊறிய சமூகத்தில் 'பேராசிரியர்' என்ற சொல்லுக்கு இருக்கும் கனத்தைத் தமிழ் வாசகருக்கு விளக்கத் தேவையில்லை.

மூன் அந்த அடுக்குக்குச் சென்றார். புசான் நகரின் டோங்-ஆ பல்கலைக்கழகத்தில் டேக்வாண்டோ துறைப் பேராசிரியரானார். மாணவர்களுக்குப் பயிற்சி அளித்தார். 2007இல் கூக்மின் பல்கலைக்கழகம் அவருக்கு முனைவர் பட்டம் வழங்கியது. டேக்வாண்டோ வீரர்களின் உடல் நெகிழ்வையும் தசை வலிமையையும் ஒரு குறிப்பிட்ட பயிற்சிமுறை எவ்வாறு மேம்படுத்துகிறது என்பது ஆய்வுப்பொருள். 2008 பெய்ஜிங் ஒலிம்பிக்கின்போது உலக விளையாட்டு வீரர்கள் வாக்களித்த தேர்தலில், அலெக்சாண்டர் போபோவ் போன்ற நீச்சல் ஜாம்பவானையும் முந்தி, முதலிடத்தில் வென்று சர்வதேச ஒலிம்பிக் குழு உறுப்பினரானார். 2012 ஏப்ரல் 11இல் ஆளுங்கட்சியான சேனூரி கட்சியின் வேட்பாளராகப் புசானிலிருந்து நாடாளுமன்றத்துக்கும் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

அடுத்த ஒன்பது நாட்களில் எல்லாம் தலைகீழாயிற்று. ஆய்வேட்டின் கணிசமான பகுதி இன்னொருவர் எழுதியதன் நகல் என்று தேர்தல் காலத்திலேயே எழுந்த குற்றச்சாட்டை, கூக்மின் பல்கலைக்கழகத்தின் முதற்கட்ட விசாரணை ஏப்ரல் 20இல் உறுதி செய்தது. அன்றே அவர் கட்சியிலிருந்து விலகினார். பேராசிரியர் பதவியும் போயிற்று. பின்னர் பட்டமும் பறிக்கப்பட்டது. 2016இல் சர்வதேச ஒலிம்பிக் குழு அவருடைய உறுப்பினர் உரிமையை இடைநிறுத்தியது. இருபதாண்டு உழைத்துச் சேர்த்த பெயரை, ஒருசில மாதங்களில் தட்டச்சு செய்யப்பட்ட தாள்கட்டு ஒன்று கரைத்துவிட்டது.

விந்தை என்னவெனில், அதே 2012 ஏப்ரலில் ஹங்கேரி நாட்டுக் குடியரசுத் தலைவர் பால் ஷ்மிட்டும் இதே காரணத்துக்காகப் பதவி விலகினார். அவரும் ஒலிம்பிக் சாம்பியன்தான். 1968, 1972 ஆகிய இரு ஒலிம்பிக்குகளில் வாள்வீச்சு அணிப் பிரிவில் தங்கம் வென்றவர். அவரும் சர்வதேச ஒலிம்பிக் குழு உறுப்பினர். அவருடைய முனைவர் பட்டமும் நகல் எனக் கண்டறியப்பட்டு ரத்து செய்யப்பட்டது. இருவருக்கும் இடையே ஒரு தலைமுறை, ஒரு கண்டம், இரு வேறு அரசியல் அமைப்புகள். இருந்தும் ஒரே சறுக்கல்.

இருவரையும் நான் நியாயப்படுத்தவில்லை. பிறர் எழுதியதைத் தன் பெயரில் வைப்பது திருட்டு. ஆனால் ஒரு பொருளியலாளன் கேட்க வேண்டிய கேள்வி வேறு. களத்தில் ஒருபோதும் குறுக்குவழியில் வெல்ல முடியாத, வென்று காட்டிய மனிதர்களுக்கு இந்தத் தாள்கட்டு ஏன் தேவைப்பட்டது?

மைக்கேல் ஸ்பென்ஸ் 1973இல் முன்வைத்த சமிக்ஞைக் கோட்பாடு இதற்கு விடை தருகிறது. வேலை கொடுப்பவரால் விண்ணப்பதாரரின் உண்மையான திறனைக் காண முடிவதில்லை. எனவே பட்டத்தை அதன் அடையாளமாகக் கொள்கிறார். இந்த ஏற்பாட்டில் ஒரு நியாயம் இருக்கிறது, திறன் கண்ணுக்குத் தெரியாத இடங்களில். ஆனால் கோடிக்கணக்கானோர் நேரலையில் பார்த்த உதைக்கு மேல் வேறென்ன சமிக்ஞை வேண்டும்? மூனின் திறன் மறைந்து கிடக்கவில்லை. மறைக்க முடியாத அந்தத் திறனை ஏற்றுக்கொள்ளும் கட்டம் பதவி விண்ணப்பப் படிவத்தில்தான் இல்லை. உடலில் உறைந்திருக்கும், சொல்லில் அடங்காத அறிவைப் பற்றி மைக்கேல் பொலானி 1966லேயே ஒரு நூல் எழுதிவிட்டார். பல்கலைக்கழகங்கள் அந்நூலை வாங்கி அலமாரியில் வைத்தன. தம் நியமன விதிகளை மாற்றவில்லை.

இதை எழுதும்போது என் மேசையின் எதிர்ப்புறத்தில் ஒருவர் அமர்ந்திருப்பது போன்ற உணர்வு ஏற்படுகிறது. அவரைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன்.

1980களின் இறுதியில், எங்கள் துறையில் விளையாட்டு ஒதுக்கீட்டில் சேர்ந்த ஒரு பளுதூக்கும் வீரர் எம்.ஏ. முடித்து, என்னிடமே எம்.ஃபில். ஆய்வு மாணவராகப் பதிவு செய்தார். பல்கலைக்கழக அளவில் பதக்கங்கள் பெற்றவர். அதிகாலையில் பயிற்சி முடித்து, ஈரம் காயாத தலையுடன் வகுப்பில் வந்து அமர்வார். பத்து நிமிடத்தில் கண் சொருகும். ஒரு மாவட்டத்தின் கூட்டுறவுக் கடன் சங்கங்கள் பற்றியது அவருடைய ஆய்வேடு. அதன் இரண்டாம், மூன்றாம் இயல்களைப் படித்தபோது எனக்குப் பழகிய வாசனை அடித்தது. நான் மாணவனாக இருந்தபோது நூலகத்தில் படித்த ஒரு பழைய ஆய்வேட்டின் பக்கங்கள் அவை. மாவட்டத்தின் பெயரும் அட்டவணை எண்களும் மட்டுமே மாறியிருந்தன.

அழைத்துக் கேட்டேன். மறுக்கவில்லை. "எனக்கு எழுத வராது சார். ஒரு கல்லூரியில வேலை காத்திருக்குது. பளுதூக்கும் அணிய உருவாக்கத்தான் என்னைக் கூப்பிடுறாங்க. ஆனா காலியா இருக்கிறது பொருளாதார விரிவுரையாளர் இடம்தான். அதுக்கு எம்.ஃபில். வேணுமாம்" என்றார். தந்தை இல்லாத குடும்பம், இரண்டு தங்கைகள். நான் இரண்டு நாள் அந்த ஆய்வேட்டைக் கையெழுத்திடாமல் வைத்திருந்தேன். மூன்றாம் நாள் கையெழுத்திட்டேன்.

பல ஆண்டுகள் இதை இரக்கம் என்றே எனக்குள் சொல்லிக்கொண்டேன். 2012இல் மூன் பற்றிய செய்தியைப் படித்த அன்றுதான் கணக்கின் மறுபக்கத்தை எழுதிப் பார்த்தேன். அவருக்குக் கிடைத்த வேலையின் செலவை நான் கொடுக்கவில்லை, அந்தக் கல்லூரியும் கொடுக்கவில்லை. முப்பதாண்டுக்கும் மேலாக அவரிடம் பொருளியல் படித்த மாணவர்கள் கொடுத்தார்கள். பெரும்பாலும் வீட்டின் முதல் பட்டதாரிகள். தங்களுக்கு எதுவும் புரியாமல் போனதற்குத் தங்கள் அறிவுக்குறைவே காரணம் என்று நம்பியிருப்பார்கள். கூடவே, உண்மையாக உழைத்து எழுதி, அந்த இடத்துக்கு விண்ணப்பித்துத் தோற்ற யாரோ ஒருவரும் இருந்திருப்பார். அவர் முகம் எனக்குத் தெரியாது.

நம் நாட்டிலும் விதிகள் நகரத் தொடங்கியிருக்கின்றன. பல்கலைக்கழக மானியக் குழு 2018இல் எழுத்துத் திருட்டுக்கு எதிரான ஒழுங்குமுறைகளை வெளியிட்டது. ஒப்புமை 10 சதவீதம் வரை இருந்தால் தண்டனை இல்லை. 60 சதவீதத்தைத் தாண்டினால் மாணவரின் பதிவே ரத்தாகும். மென்பொருள் இன்று நிமிடங்களில் கண்டுபிடித்துவிடுவதை அன்று என் மூக்கு கண்டுபிடித்தது. குறை கண்டுபிடிப்பதில் இருந்ததில்லை என்பதை என் அனுபவத்திலிருந்தே சொல்கிறேன். இதைவிட முக்கியமாக நான் கருதுவது 2022இல் வந்த 'நடைமுறைப் பேராசிரியர்' திட்டம். தம் துறையில் தேர்ச்சி பெற்ற வல்லுநர்களை, முனைவர் பட்டம் கேட்காமலேயே, அனுமதிக்கப்பட்ட பணியிடங்களில் 10 சதவீதம் வரை நியமிக்கலாம் என்கிறது அது. ஆனால் அது நிரந்தரப் பணி இல்லை. குறிப்பிட்ட கால ஒப்பந்தம் மட்டுமே. குடும்பம் நடத்த வேண்டிய முப்பது வயது வீரருக்கு அது போதாது. நிலையான பணிக்குப் போகும் வழியில் மீண்டும் அந்தத் தாள்கட்டுத்தான் நிற்கிறது. பயிற்றுநர் பணிக்கென்றே ஊதிய உயர்வும் பதவி உயர்வும் கொண்ட தனி ஏணி இல்லாத வரை, வீரர்கள் அடுத்தவர் ஏணியில்தான் ஏறுவார்கள்.

பட்டம் கேட்காத சந்தையும் உலகில் இருக்கிறது: வெளிநாடு. கொரியா தன் ஆசான்களை ஏற்றுமதி செய்த அளவுக்கு வேறெந்த நாடும் ஒரு விளையாட்டின் ஆசான்களை ஏற்றுமதி செய்ததாக எனக்குத் தோன்றவில்லை. இந்த விளையாட்டுக்கு நீச்சல் குளமோ புல்தரையோ வேண்டாம். ஒரு கூடமும் தரைவிரிப்பும் கவசமும் போதும். எனவேதான் ஏழை நாடுகளும் சிறிய நாடுகளும் இதில் முதல் வெளிச்சத்தைக் கண்டன. வியட்நாமின் முதல் ஒலிம்பிக் பதக்கம் 2000இல் டேக்வாண்டோவில் வந்தது. ஆப்கானிஸ்தானின் முதல் பதக்கம் 2008இல் ரோஹுல்லா நிக்பாய் மூலம் வந்தது. அவருக்குப் பயிற்சி அளித்தவர் ஒரு கொரியர். காபோன் 2012இல், ஜோர்டான் 2016இல் தம் முதல் பதக்கங்களை இதே விளையாட்டில் பெற்றன.

அந்த ஏற்றுமதியில் எனக்கு மிகவும் பிடித்த உதாரணம் சோய் யங்-சோக். 2002இல் தாய்லாந்து அணியின் பயிற்றுநராகச் சென்றார். 2004 முதல் 2024 வரை நடந்த ஒவ்வோர் ஒலிம்பிக்கிலும் தாய்லாந்துக்கு டேக்வாண்டோவில் பதக்கம் கிடைத்திருக்கிறது. அவருடைய மாணவி பனிபாக் வோங்பட்டனாகிட் 2016இல் வெண்கலமும், டோக்கியோவிலும் பாரிஸிலும் தங்கமும் வென்றார். (அவருடைய செல்லப்பெயர் 'டென்னிஸ்', அண்ணன் 'பேஸ்பால்', அக்காள் 'பௌலிங்'. குடும்பத்தில் யாருக்கும் டேக்வாண்டோ என்று பெயர் வைக்கத் தோன்றவில்லை போலும்.) சோயிடம் யாரும் ஆய்வேடு கேட்கவில்லை. நான்கு ஆண்டுக்கு ஒருமுறை மாணவர்கள் எழுதும் தேர்வே அவருடைய ஆய்வேடு. 2022இல் அவர் தாய்லாந்துக் குடியுரிமையும் பெற்றார்.

இதையும் பொற்காலமாகச் சித்திரிக்க நான் விரும்பவில்லை. 2014இல் ஒரு தாய்லாந்து வீராங்கனை, போட்டிக்குப் பின் சோய் தன்னை அடித்துத் தண்டித்ததாகப் பகிரங்கமாகக் குற்றஞ்சாட்டினார். சோய் பின்னர் வருத்தம் தெரிவித்தார். அந்நாட்டில் பெரும்பாலோர் பயிற்றுநரின் பக்கமே நின்றார்கள் என்பது எனக்கு உறுத்துகிறது. பதக்கத்தை மட்டுமே அளவுகோலாக வைக்கும் சந்தையில், பதக்கம் வரும் வரை பயிற்றுநரின் கையை யாரும் பிடிப்பதில்லை. பட்டம் கேட்கும் அமைப்புக்கு ஒரு நோய் என்றால், பதக்கம் மட்டும் கேட்கும் அமைப்புக்கு வேறொரு நோய்.

ஏதென்ஸில் சாய்ந்த நிக்கோலாய்டிஸ் மீண்டு எழுந்து 2008 பெய்ஜிங்கிலும் வெள்ளி வென்றார். அந்த ஆண்டு ஒலிம்பியாவில் ஏற்றப்பட்ட சுடரை முதலில் ஏந்தி ஓடியவரும் அவரே. 2022இல், 42 வயதில் புற்றுநோயால் மறைந்தார். தம் பதக்கங்களை ஏலம் விட்டு அத்தொகையை அறப்பணிக்குக் கொடுத்துவிடும்படி கடைசிச் செய்தியில் கேட்டுக்கொண்டிருந்தார்.

என் பளுதூக்கும் மாணவர் சில ஆண்டுகளுக்கு முன் பணி ஓய்வு பெற்றார். பிரிவு உபசார விழாவுக்கு அழைத்திருந்தார், போனேன். அழைப்பிதழில் அவர் பெயருக்குக் கீழே 'இணைப் பேராசிரியர், பொருளியல் துறை' என்று அச்சிட்டிருந்தார்கள். மேடையேறிப் பேசியவர்கள் ஏழு பேர். ஒருவர் ரயில்வேயில் இருக்கிறார், இருவர் காவல் துறையில், ஒருவர் ராணுவத்தில். மூவர் பள்ளிகளில் உடற்கல்வி ஆசிரியர்கள். எழுவரும் விடியற்காலையில் அவரிடம் பளு தூக்கப் பழகியவர்கள். பொருளியல் மாணவர் ஒருவரும் பேசவில்லை. விழா முடிந்ததும் அவர் என்னை வாசல் வரை கொண்டுவந்து விட்டார். ஆய்வேட்டைப் பற்றி நாங்கள் இருவருமே பேசவில்லை.